ஹங்கர்ஃபோர்டு நகரக் கான்ஸ்டபிள்

ஹங்கர்ஃபோர்டு நகரக் கான்ஸ்டபிள் என்பது இங்கிலாந்தின் பார்க்சயர் கவுண்டியில் உள்ள ஹங்கர்ஃபோர்டு என்னும் சிறு நகரத்தில் ஆண்டுதோறும் தேர்ந்தெடுக்கப்படும் ஒரு மரபுவழிப் பதவியாகும். இப்பதவி வகிப்பவர் காவல்துறையைச் சேர்ந்தவர் அல்லர். அரசாங்க ஊழியரும் அல்லர். நகரத்துக்குச் சொந்தமான மேய்ச்சல் நிலத்தையும் ஆற்றில் மீன் பிடிக்கும் உரிமையையும் காத்துவரும் பழமையான அமைப்பின் தலைவர் இவர். ஈஸ்டர் பண்டிகைக்குப் பின்வரும் இரண்டாவது செவ்வாய்க்கிழமையன்று கூடும் ஹாக்டைடு மன்றத்தில் இவர் தேர்ந்தெடுக்கப்படுகிறார்.

இன்று இப்பதவி பெரும்பாலும் சடங்கு முறையிலானது. ஆனால் இதன் வரலாறு வெறும் அலங்கார வரலாறு அன்று. மூல ஆவணம் கையில் இல்லாத ஓர் ஊர் மக்கள், ஆண்டு தவறாமல் நடத்திய ஒரு கூட்டத்தின் வழியாகவே தங்கள் உரிமையை எவ்வாறு நிலைநிறுத்தினர் என்பதை அறிய இப்பதவி உதவுகிறது.

பெயர் விளக்கம்

தமிழ் வாசகர்களுக்குக் கான்ஸ்டபிள் என்றதும் காக்கிச் சட்டை அணிந்த கடைநிலைக் காவலரே நினைவுக்கு வருவார். ஆங்கிலேயர் ஆட்சியில் ஏற்பட்ட காவல்துறையின் வழியே இச்சொல் தமிழுக்கு வந்ததே அதற்குக் காரணம். சொல்லின் தொடக்கப் பொருள் வேறு. 'குதிரை லாயத்தின் தலைவர்' என்று பொருள்படும் 'கோமெஸ் ஸ்டாபுலி' என்ற இலத்தீன் தொடரிலிருந்து இது பிறந்தது. உரோமப் பேரரசின் பிற்காலத்தில் அரசவையின் உயர் அலுவலர் ஒருவருக்கு இப்பெயர் இருந்தது. பிறகு பிரான்சிலும் இங்கிலாந்திலும் கோட்டைத் தலைவர்களையும் படைத்தலைவர்களையும் இச்சொல் குறித்தது.

இங்கிலாந்தில் காலப்போக்கில் இப்பெயர் ஊர் மட்டத்துக்கு இறங்கியது. 1285ஆம் ஆண்டில் முதலாம் எட்வர்டு அரசர் பிறப்பித்த வின்செஸ்டர் சட்டம், இரவுக் காவல் வைப்பது, குற்றவாளியைக் கண்டால் கூக்குரல் எழுப்பி ஊரே திரண்டு துரத்துவது ஆகியவற்றைக் கட்டாயமாக்கியது. அவற்றை மேற்பார்வையிடக் கான்ஸ்டபிள்கள் நியமிக்கப்பட்டனர். தனியான காவல்துறை இல்லாத அக்காலத்தில் ஊராரே தங்களுள் ஒருவரை ஓராண்டுக்குத் தேர்ந்து இப்பொறுப்பை ஒப்படைத்தனர். பெரும்பாலான ஊர்களில் இது சம்பளமில்லாத சுமை. ஹங்கர்ஃபோர்டில் மட்டும் கான்ஸ்டபிள் நகரத்தின் முதன்மை மனிதராகவே உயர்ந்தார். நகராட்சி மேயர் இல்லாத ஊரில் மேயருக்குரிய இடம் அவருக்குக் கிடைத்தது.

நகரமும் ஆறும்

ஹங்கர்ஃபோர்டு இலண்டனுக்கு மேற்கே ஏறத்தாழ 100 கிலோமீட்டர் தொலைவில், இலண்டனையும் பாத் நகரத்தையும் இணைக்கும் பழைய நெடுஞ்சாலையில் அமைந்துள்ளது. இதன் மக்கள்தொகை 6,000 அளவில் உள்ளது. தேம்ஸ் ஆற்றின் துணையாறான கென்னட் நகரை ஒட்டி ஓடுகிறது. சுண்ணாம்புப் பாறைகளுக்கு இடையே ஊறிவரும் கென்னட்டின் நீர் தெளிவும் குளிர்ச்சியும் உடையது. இத்தகைய நீரில் டிரௌட் என்னும் மீன் நன்கு வளரும். இங்கிலாந்தில் டிரௌட் மீன்பிடிப்புக்குப் பெயர் பெற்ற ஆறுகளுள் கென்னட்டும் ஒன்று.

இடைக்கால இங்கிலாந்தில் ஆற்றில் மீன் பிடிப்பது எல்லோருக்கும் உரிய செயலாக இருக்கவில்லை. ஆற்றின் ஒவ்வொரு பகுதியும் நிலவுடைமைப் பிரபு ஒருவருக்கோ மடாலயம் ஒன்றுக்கோ உரியதாக இருந்தது. அனுமதியின்றி மீன் பிடித்தால் தண்டனை உண்டு. சாதாரண நகர மக்கள் நல்லதோர் ஆற்றுப்பகுதியில் மீன் பிடிக்கும் உரிமையைப் பெற்றிருந்தது அரிய செய்தியாகும். ஹங்கர்ஃபோர்டு மக்கள் அத்தகைய உரிமையைப் பெற்றிருந்தனர். அதைத் தங்களுக்குக் கொடுத்தவர் ஜான் ஆஃப் காண்ட் என்பது அவர்களின் உறுதியான நம்பிக்கை.

ஜான் ஆஃப் காண்ட்

ஜான் ஆஃப் காண்ட் (1340-1399) இங்கிலாந்து அரசர் மூன்றாம் எட்வர்டின் மகன். இன்றைய பெல்ஜியத்திலுள்ள கெண்ட் நகரில் பிறந்ததால் இப்பெயர் பெற்றார். லங்காஸ்டர் கோமகனின் மகளான பிளாஞ்சை மணந்ததன் மூலம் அக்குடும்பத்தின் பெரும் நிலவுடைமை இவருக்கு வந்தது. 1362இல் இவர் லங்காஸ்டர் கோமகன் ஆனார். இங்கிலாந்து முழுவதும் பரவிக் கிடந்த இவரது நிலவுடைமையில் ஹங்கர்ஃபோர்டு மேனரும் ஒன்று. மேனர் என்பது ஒரு பிரபுவின் ஆளுகைக்கு உட்பட்ட நிலப்பகுதி. வாடகை, சுங்கம், நீதிமன்றம் ஆகியவை அனைத்தும் அந்தப் பிரபுவுக்கே உரியவை.

1399இல் ஜான் இறந்தபின், அதே ஆண்டில் அவர் மகன் நான்காம் ஹென்றி என்ற பெயரில் அரசரானார். லங்காஸ்டர் சொத்துகள் மற்ற அரச நிலங்களோடு கலந்துவிடக் கூடாது என்று அவர் ஏற்பாடு செய்தார். அன்று முதல் லங்காஸ்டர் டச்சி என்ற பெயரில் அச்சொத்துகள் தனியே நிருவகிக்கப்படுகின்றன. இங்கிலாந்தின் அரசரோ அரசியோ யாராக இருந்தாலும் அவரே லங்காஸ்டர் கோமகனாகக் கருதப்படுகிறார். இந்தத் தொடர்பால்தான் மன்னர் ஹங்கர்ஃபோர்டுக்கு வரும்போது கான்ஸ்டபிள் அவருக்கு லங்காஸ்டர் குலத்தின் சின்னமான சிவப்பு ரோஜா ஒன்றை வழங்கும் வழக்கம் உள்ளது.

கொம்பு

ஜான் ஆஃப் காண்ட் மீன்பிடி உரிமையை வழங்கியபோது அதற்கு அடையாளமாக ஒரு பித்தளைக் கொம்பையும் கொடுத்தார் என்பது நகரத்தின் மரபுச் செய்தி. அக்கொம்பு இன்றும் பாதுகாக்கப்பட்டு வருகிறது.

கொடைக்கு அடையாளமாகக் கொம்பு கொடுப்பது ஹங்கர்ஃபோர்டில் மட்டும் இருந்த வழக்கம் அன்று. எழுத்தறிவு அரிதாக இருந்த காலத்தில், பலர் அறியக் கைமாறும் ஒரு பொருளே பத்திரத்தின் வேலையைச் செய்தது. அதே பார்க்சயர் பகுதியைச் சேர்ந்த பியூசி கொம்பு ஒரு நிலக்கொடையின் அடையாளமாகக் கருதப்பட்டது. அது இப்போது இலண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் உள்ளது. யார்க் பேராலயத்தில் உள்ள உல்ஃப் கொம்பும் இத்தகையதே.

ஹங்கர்ஃபோர்டில் 1634ஆம் ஆண்டைச் சேர்ந்த இரண்டாவது கொம்பும் உண்டு. ஜான் ஆஃப் காண்ட் ஆற்றின் எந்த எல்லையிலிருந்து எந்த எல்லை வரை மீன்பிடி உரிமை கொடுத்தார் என்ற விவரமும், அப்போதைய கான்ஸ்டபிளின் பெயரும் அதன்மேல் பொறிக்கப்பட்டுள்ளன. ஓர் இசைக்கருவியின்மேல் ஆற்றின் எல்லைகளைப் பொறித்து வைக்க வேண்டிய தேவை ஏன் ஏற்பட்டது என்பதை அதற்கு முந்தைய நூற்றாண்டின் வழக்கு விளக்குகிறது.

மீன்பிடி உரிமை வழக்கு

முதலாம் எலிசபெத் அரசியின் காலத்தில் (1558-1603) லங்காஸ்டர் டச்சியின் அலுவலர்கள் ஹங்கர்ஃபோர்டு மக்களின் மீன்பிடி உரிமையைக் கேள்விக்கு உட்படுத்தினர். வருவாய் தரக்கூடிய ஆற்றுப்பகுதியை டச்சிக்கே மீட்டுக்கொள்வது அவர்கள் நோக்கம். உரிமை உண்டென்றால் அதை வழங்கிய பட்டயத்தைக் காட்டுங்கள் என்ற கேள்விக்கு நகரத்தாரால் நேரடியாக விடை சொல்ல முடியவில்லை. பட்டயம் அவர்களிடம் இல்லை. அது காணாமற்போய்விட்டது என்றனர்.

நகரத்தாரிடம் எஞ்சியிருந்தவை மூன்று. கொம்பு ஒன்று, முதியோர் நினைவு இரண்டு, ஆண்டுதோறும் மன்றம் கூடி, மீன்பிடி உரிமையைப் பயன்படுத்தி, அதைக் காக்க அலுவலர்களையும் தேர்ந்து வந்த பழக்கம் மூன்று. இங்கிலாந்தின் சட்ட மரபில் எழுத்து ஆவணம் இல்லாத இடத்திலும், தடையின்றி நெடுங்காலமாக ஒன்றை அனுபவித்து வந்தமை உரிமைக்குச் சான்றாக எடுத்துக்கொள்ளப்படுவதுண்டு. எனவே மன்றம் ஓர் ஆண்டு கூடாமல் போவது சிறிய தவறன்று. உரிமையின் சங்கிலியில் ஒரு கண்ணி அறுவதற்கு ஒப்பானது. இறுதியில் அரசியின் தலையீட்டால் மீன்பிடி உரிமை நகரத்தாரிடமே நிலைத்தது.

மேனர் நகரத்தாரிடம் வந்தது

17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முதலாம் ஜேம்ஸ் அரசர் பணத்தேவை காரணமாக அரச நிலங்கள் பலவற்றை விற்றார். ஹங்கர்ஃபோர்டு மேனரும் அவ்வாறு அரசரின் கையைவிட்டு நீங்கியது. 1617 வாக்கில் அது நகரத்தின் சார்பாக அறங்காவலர்களாக இருந்த உள்ளூர் மனிதர்களின் பெயருக்கு வந்து சேர்ந்தது.

இது முக்கியமான திருப்பமாகும். அதுவரை ஹங்கர்ஃபோர்டு மக்கள் ஒரு பிரபுவின் குடிகள். அதன்பிறகு மேனரின் பிரபு என்று தனி மனிதர் எவரும் இல்லை. நகரத்தாரே கூட்டாக அந்த இடத்தில் அமர்ந்தனர். சந்தைச் சுங்கம், நில வாடகை, மேய்ச்சல் நிலம், மீன்பிடிப்பு ஆகிய அனைத்தும் அவர்கள் பொறுப்பில் வந்தன. அவர்களின் தலைவராகக் கான்ஸ்டபிள் இருந்தார். மற்ற ஊர்களில் பிரபுவுக்கு வரி வசூலித்துக் கொடுத்த மேனர் அலுவலர்கள் இங்கு ஊருக்காக வேலை செய்தனர்.

பொது உரிமையாளர்கள்

இவ்வுரிமைகள் நகரத்தில் வாழும் அனைவருக்கும் உரியவை அல்ல. நகரத்தின் பழைய தெருக்களில் உள்ள ஏறத்தாழ நூறு வீடுகளோடு அவை இணைக்கப்பட்டுள்ளன. அவ்வீடுகளில் குடியிருப்போர் 'காமனர்' எனப்படும் பொது உரிமையாளர்கள் ஆவர். உரிமை மனிதரைச் சேர்ந்தது அன்று, வீட்டைச் சேர்ந்தது. வீடு கைமாறினால் புதிதாக வந்து குடியேறுபவர் பொது உரிமையாளர் ஆகிவிடுவார். விட்டுச் செல்பவர் அதை உடன் கொண்டுசெல்ல முடியாது.

இவர்களுக்கு இரண்டு முக்கிய உரிமைகள் உண்டு. முதலாவது, ஹங்கர்ஃபோர்டு காமன் எனப்படும் பொது மேய்ச்சல் நிலத்திலும் ஃப்ரீமன்ஸ் மார்ஷ் எனப்படும் ஆற்றோரப் புல்வெளியிலும் கால்நடைகளை மேய விடும் உரிமை. முன்னது 'போர்ட் டௌன்' என்றும் அழைக்கப்படுகிறது. இரண்டாவது, ஆற்றில் மீன் பிடிக்கும் உரிமை.

18, 19ஆம் நூற்றாண்டுகளில் இங்கிலாந்தின் பல ஊர்களில் பொது மேய்ச்சல் நிலங்கள் நாடாளுமன்றச் சட்டங்களின் மூலம் வேலியிடப்பட்டுத் தனியார் உடைமை ஆயின. இந்த வேலியிடும் இயக்கத்தால் ஏழை உழவர்கள் ஒரு பசுவை மேய்க்கவும் இடமின்றிப் போனார்கள். ஹங்கர்ஃபோர்டு காமன் இன்றளவும் திறந்த நிலமாகவே உள்ளது. நிலத்துக்கு உரிமையாளர்கள் யார், அவர்கள் சார்பில் பேசுபவர் யார் என்பதில் ஆண்டுதோறும் ஐயத்துக்கு இடமின்றி இருந்தது இதற்குத் துணையாயிற்று.

ஹாக்டைடு

ஹாக்டைடு என்பது ஈஸ்டருக்குப் பின்வரும் இரண்டாவது திங்கள், செவ்வாய் ஆகிய இரு நாள்களைக் குறிக்கும் பழைய ஆங்கிலப் பண்டிகை. இடைக்காலத்தில் இது வாடகை செலுத்தும் தவணை நாளாகவும் இருந்தது. அதோடு வேடிக்கை விளையாட்டும் சேர்ந்திருந்தது. ஒருநாள் பெண்கள் தெருவில் கயிறு கட்டி ஆண்களைப் பிடித்து வைத்து, காசு வாங்கிக்கொண்டு விடுவார்கள். மற்றொரு நாள் ஆண்கள் பெண்களைப் பிடிப்பார்கள். சேர்ந்த பணம் தேவாலயத்துக்குப் போகும். 1575இல் எலிசபெத் அரசி கெனில்வொர்த் கோட்டைக்கு வந்தபோது காவன்ட்ரி நகர மக்கள் தங்கள் ஹாக்டைடு நாடகத்தை அவர் முன் நடித்துக் காட்டினர்.

சமயச் சீர்திருத்தக் காலத்துக்குப் பிறகு இப்பண்டிகை படிப்படியாக மறைந்தது. இன்று இங்கிலாந்தில் ஹாக்டைடு முழு அளவில் கொண்டாடப்படும் ஒரே ஊர் ஹங்கர்ஃபோர்டு. மற்ற ஊர்களில் அது வேடிக்கைக்கும் தேவாலய நிதிக்கும் உரிய நாளாக இருந்தது. அவ்விரண்டுக்கும் வேறு வழிகள் கிடைத்ததும் பண்டிகை நின்றது. ஹங்கர்ஃபோர்டில் அதுவே மன்றம் கூடும் நாள். அந்நாளை விட்டுவிட்டால் கான்ஸ்டபிளைத் தேர்ந்தெடுக்க முடியாது. நிலத்தையும் ஆற்றையும் கவனிக்க ஆளில்லாமல் போகும். ஆகவே பண்டிகை பிழைத்தது.

மன்றம் கூடும் நாள்

ஹாக்டைடு செவ்வாய் காலை 8 மணிக்கு நகர மண்டபத்தின் மாடி முகப்பில் நின்று கொம்பு ஊதப்படும். இந்த மண்டபம் 1871இல் கட்டப்பட்டது. ஒலி கேட்டதும் பொது உரிமையாளர்கள் மன்றத்துக்கு வர வேண்டும். மணியக்காரர் என்று சொல்லத்தக்க 'பெல்மேன்' தெருவில் மணியடித்துக் கூவி அழைப்பு விடுப்பார். காலை 9 மணிக்கு மன்றம் தொடங்கும்.

மன்றத்தில் பொது உரிமையாளர்களின் பெயர்கள் வாசிக்கப்படும். பள்ளி வகுப்பில் வருகைப் பதிவு எடுப்பது போன்றதே இது. வராதவர்கள் ஒரு பென்னி தண்டம் செலுத்தினால்தான் அவ்வாண்டுக்கான உரிமை தொடரும். ஒரு பென்னிக்கு இன்று மதிப்பு ஏதுமில்லை. எனினும் அதைச் செலுத்துபவர் இருவகையில் ஒப்புக்கொள்கிறார்: தமக்கு உரிமை உண்டு என்பதை ஒன்று, அவ்வுரிமையோடு வந்து நிற்கும் கடமையும் உண்டு என்பதை மற்றொன்று. பிறகு ஜூரிகள் அமர்த்தப்பட்டு, கான்ஸ்டபிளும் மற்ற அலுவலர்களும் தேர்ந்தெடுக்கப்படுகின்றனர். நிலம், ஆறு தொடர்பான செய்திகளும் பேசப்படுகின்றன.

மன்றம் நடக்கும்போதே 'டுட்டிக்காரர்கள்' எனப்படும் இருவர் தெருக்களில் புறப்படுகின்றனர். பூச்செண்டும் ரிப்பன்களும் கட்டி, உச்சியில் கிராம்பு குத்திய ஆரஞ்சுப்பழம் செருகிய நீண்ட கோல்கள் அவர்கள் கையில் இருக்கும். 'டுட்டி' என்பது பூச்செண்டைக் குறிக்கும் வட்டார வழக்குச் சொல். இறகுகள் செருகிய தொப்பி அணிந்த 'ஆரஞ்சுக்காரர்' ஒருவர் பை நிறைய ஆரஞ்சுப்பழங்களுடன் உடன் செல்வார். பொது உரிமை உள்ள வீடுகள் அனைத்துக்கும் இவர்கள் செல்ல வேண்டும். வீட்டுக்கு ஒரு பென்னி வாங்குவது பழைய வழக்கம். வீட்டுப் பெண்கள் ஒரு முத்தம் தந்து அதற்கு ஈடாக ஓர் ஆரஞ்சு பெறுவது இன்றைய வழக்கம். கதவு திறக்காவிட்டால் ஏணி வைத்து மாடிச் சன்னலுக்கு ஏறுவதும் உண்டு. இக்காட்சியைக் காணவே வெளியூர்க்காரர்கள் கூடுகின்றனர்.

வேடிக்கையாகத் தோன்றும் இந்த உலாவுக்கும் ஒரு நிருவாக வேர் உண்டு. டுட்டிக்காரர்களின் பழைய பெயர் 'டைத்திங்மென்'. இடைக்கால இங்கிலாந்தில் பத்துப் பேர் கொண்ட குழுக்களாக ஆண்களைப் பிரித்து, ஒருவர் குற்றத்துக்கு மற்றவர்கள் பொறுப்பேற்கும்படி வைத்திருந்தனர். அக்குழுவே டைத்திங். அதன் தலைவர்கள் தெருக்களைக் காவல் காத்து, அதற்கான காசைத் தலைக்கு இவ்வளவு என்று வசூலித்தனர். காவல் போயிற்று, வீடுவீடாகச் செல்லும் நடை நின்றுவிடவில்லை.

நண்பகலில் கான்ஸ்டபிள் தலைமையில் விருந்து நடைபெறும். ஜான் ஆஃப் காண்டின் நினைவுக்காக மது உயர்த்தி வாழ்த்துவர். முதன்முறை விருந்துக்கு வந்தவர்களுக்குக் 'குதிரைக்குட்டிக்கு லாடம் அடித்தல்' என்ற சடங்கு உண்டு. புதியவரின் காலணி அடியில் ஆணி வைத்துக் கொல்லர் சுத்தியலால் தட்டுவார். அவர் 'பஞ்ச்' என்று கத்தி, அப்பெயருள்ள பானத்துக்குக் காசு கொடுத்தால்தான் விடுபடுவார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை கான்ஸ்டபிளும் அலுவலர்களும் ஊர்வலமாகப் புனித லாரன்ஸ் தேவாலயத்துக்குச் செல்வதோடு ஹாக்டைடு நிறைவு பெறுகிறது.

கான்ஸ்டபிளுடன் பணியாற்றும் அலுவலர்கள்

ஹாக்டைடு மன்றத்தில் வேறு பல அலுவலர்களும் தேர்ந்தெடுக்கப்படுகின்றனர்.

போர்ட்ரீவ்: நகர நிலங்களுக்குரிய சிறு வாடகைகளை வசூலித்தவர்.

பெய்லிஃப்: சந்தைச் சுங்கத்தை வசூலித்தவர்.

நீர்க் காவலர்கள்: ஆற்றையும் மீன்வளத்தையும் கண்காணிப்பவர்கள்.

போர்ட் டௌன் மேற்பார்வையாளர்கள்: மேய்ச்சல் நிலத்தைக் கவனிப்பவர்கள்.

பொதுப் பெட்டியின் சாவி காப்போர்: நகரத்தின் ஆவணங்களும் பணமும் இருந்த பெட்டியின் சாவிகளை வைத்திருந்தவர்கள். சாவிகள் ஒருவர் கையில் மட்டும் இருந்தால் தவறு நேரலாம் என்பதால் பலரிடம் பிரித்துக் கொடுக்கப்பட்டன.

ஏல் சுவைப்போர்: ஏல் என்னும் பார்லி மதுவின் தரத்தைச் சோதித்தவர்கள். ரொட்டி, ஏல் ஆகியவற்றின் விலையையும் தரத்தையும் கட்டுப்படுத்தும் சட்டம் இங்கிலாந்தில் 13ஆம் நூற்றாண்டிலேயே இருந்தது. அதை ஊர்தோறும் நடைமுறைப்படுத்தியவர்கள் இவர்களே.

இவற்றுள் நீர்க் காவலர், மேற்பார்வையாளர் போன்ற பதவிகளுக்கு இன்றும் உண்மையான வேலை உண்டு. ஏல் சுவைப்போர் போன்ற பதவிகள் மரபுக்காகத் தொடர்கின்றன.

அதிகாரம் குறைந்த காலம்

19ஆம் நூற்றாண்டில் கான்ஸ்டபிளின் பழைய அதிகாரங்கள் ஒவ்வொன்றாக வேறு கைகளுக்குச் சென்றன. 1856ஆம் ஆண்டுச் சட்டம் ஒவ்வொரு கவுண்டியிலும் ஊதியம் பெறும் காவல்படை இருக்க வேண்டும் என்றது. 1872ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஊர்தோறும் கான்ஸ்டபிள் வைக்கும் பழைய ஏற்பாடு பெருமளவில் முடிவுக்கு வந்தது. 1894ஆம் ஆண்டின் உள்ளாட்சிச் சட்டம் தேர்ந்தெடுக்கப்பட்ட ஊர் மன்றங்களை உருவாக்கியது. தெரு, விளக்கு, சுகாதாரம் முதலியவை அனைத்தும் புதிய மன்றங்களின் வேலையாயின.

இங்கிலாந்தின் எண்ணற்ற ஊர்களில் பழைய மேனர் பதவிகள் இக்காலத்தில் சத்தமின்றி மறைந்தன. ஹங்கர்ஃபோர்டிலும் அவ்வாறே நடந்திருக்கலாம். ஆனால் எந்தப் புதிய சட்டமும் எடுத்துக்கொள்ளாத ஒரு வேலை கான்ஸ்டபிளிடம் எஞ்சியிருந்தது. அது பொதுச்சொத்தை நிருவகிப்பது. 1908இல் அச்சொத்துகளுக்கென முறையான அறக்கட்டளை ஏற்பாடு செய்யப்பட்டது. 'ஹங்கர்ஃபோர்டு நகரமும் மேனரும்' என்பது அதன் பெயர். கான்ஸ்டபிள் அந்த அறங்காவலர்களின் தலைவராகச் செயல்படுகிறார்.

1977ஆம் ஆண்டின் நீதி நிருவாகச் சட்டம் இங்கிலாந்தில் எஞ்சியிருந்த மேனர் நீதிமன்றங்களின் விசாரணை அதிகாரத்தை நீக்கியது. ஆயினும் சில ஊர்களின் மன்றங்கள் தம் மரபுவழி அலுவல்களைத் தொடர அச்சட்டமே இடமளித்தது. ஹங்கர்ஃபோர்டு மன்றம் அவற்றுள் ஒன்று.

இன்றைய நிலை

இன்று ஹங்கர்ஃபோர்டில் நகர மன்றமும் அதன் தலைவராக மேயரும் உண்டு. மேயர் மக்களாட்சி முறையில் அமைந்த உள்ளாட்சியின் முகம். கான்ஸ்டபிள் பழைய மேனரின் முகம். இருவரும் வேறுவேறு அமைப்புகளைச் சேர்ந்தவர்கள். ஒருவர் மற்றவருக்குக் கீழ்ப்பட்டவர் அல்லர்.

கான்ஸ்டபிள் தலைமையிலான அறக்கட்டளை மேய்ச்சல் நிலத்தையும், ஃப்ரீமன்ஸ் மார்ஷ் புல்வெளியையும், மீன்பிடி உரிமையையும், நகர மண்டபத்தையும் பராமரிக்கிறது. ஃப்ரீமன்ஸ் மார்ஷ் இன்று அறிவியல் முக்கியத்துவம் வாய்ந்த இயற்கைப் பகுதியாகச் சட்டப் பாதுகாப்புப் பெற்றுள்ளது. கால்நடை வளர்ப்போரின் தேவைக்காக விடப்பட்ட ஈரப் புல்வெளி இப்போது பறவைகளுக்கும் அரிய தாவரங்களுக்கும் புகலிடமாக உள்ளது. நகர மக்கள் அனைவரும் அங்கு நடக்கவும் இளைப்பாறவும் முடிகிறது. மேய்ச்சல், மீன்பிடி உரிமைகள் குறிப்பிட்ட வீட்டாருக்கே உரியவை என்றாலும், நிலம் காக்கப்பட்டதன் பயன் ஊர் முழுமைக்கும் கிடைக்கிறது.

பிற ஊர்களுடன் ஒப்பீடு

இங்கிலாந்தில் இத்தகைய பழைய பதவிப் பெயர்கள் வேறு சில இடங்களிலும் உள்ளன. டெவன் கவுண்டியின் ஆஷ்பர்ட்டன் நகரில் போர்ட்ரீவ் என்ற பதவி இன்றும் உள்ளது. யார்க்சயரிலுள்ள ரிப்பன் நகரின் தலைவர் ஒருகாலத்தில் 'வேக்மன்', அதாவது விழித்திருந்து காப்பவர், எனப்பட்டார். 1604இல் அப்பதவி மேயர் பதவியாக மாற்றப்பட்டது. ஆனால் இரவு 9 மணிக்குச் சந்தைத் திடலில் கொம்பு ஊதும் வழக்கம் அங்கு இன்றும் தொடர்கிறது. சென்னை மாநகராட்சியின் ரிப்பன் மாளிகைக்குப் பெயர் தந்த ரிப்பன் பிரபுவின் பட்டம் இந்நகரத்தின் பெயரால் அமைந்ததே.

ரிப்பனில் பதவி மாறிப்போய்ச் சடங்கு எஞ்சியது. ஹங்கர்ஃபோர்டில் பதவி, சடங்கு, சொத்து ஆகிய மூன்றும் ஒன்றையொன்று பற்றிக்கொண்டு நின்றன. இதுவே இரண்டுக்கும் உள்ள வேறுபாடு.

வரலாற்று முக்கியத்துவம்

ஹங்கர்ஃபோர்டு கான்ஸ்டபிள் பதவியைப் பழமையின் எச்சம் என்று மட்டும் கருதுவது முழுமையான புரிதல் ஆகாது. உரிமையை வழங்கியதாகச் சொல்லப்படும் பட்டயம் காணாமற்போயிற்று. அதை வழங்கிய குடும்பத்தின் கையிலிருந்து மேனரும் போயிற்று. கான்ஸ்டபிளின் காவல் அதிகாரமும் போயிற்று. போகாமல் நின்றது ஒன்றே. ஒவ்வோர் ஆண்டும் கொம்பொலி கேட்டு, சொந்த வேலையை ஒதுக்கி வைத்து மன்றத்துக்கு வந்து, பெயர் வாசிக்கும்போது 'இருக்கிறேன்' என்று சொன்ன மக்களின் வழக்கமே அது. ஊருக்குப் பொதுவான சொத்து, கவனிப்பார் இல்லாதபோதுதான் முதலில் கைநழுவுகிறது. கவனிப்பவர் இன்னார் என்று ஆண்டுக்கொரு முறை ஊரறியச் சொல்லி வந்ததால் ஹங்கர்ஃபோர்டு மக்களின் மேய்ச்சல் நிலமும் ஆறும் அவர்களிடமே இருக்கின்றன.